ஓவன் இல்லாமல் மாம்பழ பை: கொழும்பு வெயிலிலும் குலையாமல் நிற்க

கேள்வி: வெள்ளவத்தையில் தொடர்மாடி வீடு, ஓவன் இல்லை. மேரி பிஸ்கட்டைப் பொடித்துத் தளம் போட்டு, டின்பால், பச்சை அன்னாசி, ஜெலற்றின் சேர்த்து ஃப்ரூட் பை செய்தேன். இரவு முழுக்க பிரிட்ஜில் வைத்தும் உறையவில்லை. மறுநாள் லேசாகக் கசந்தது. தளமோ கத்தி பட்டதும் மணலாக உதிர்ந்தது. வருகிற ஞாயிறு தெஹிவளையில் உறவினர் வீட்டில் மத்தியானச் சாப்பாடு, பத்துப் பன்னிரண்டு பேர் வருவார்கள். கொண்டுபோய் வெட்டிப் பரிமாறக்கூடிய மாதிரி ஒரு முறை சொல்ல முடியுமா?

பதில்: உறையாததற்கும் கசந்ததற்கும் காரணம் ஒன்றுதான்: அன்னாசி. பச்சை அன்னாசியில் புரொமெலைன் என்ற நொதி இருக்கிறது. அது புரதத்தை அறுக்கும். ஜெலற்றின் புரதம், ஆகவே அது எத்தனை மணி நேரம் பிரிட்ஜில் இருந்தாலும் உறையாது. இன்னும் இரண்டு பக்கெட் சேர்த்திருந்தாலும் நிலைமை மாறியிருக்காது. பாலிலும் புரதம் இருக்கிறது. அது அறுபடும்போது உண்டாகும் துணுக்குகள்தான் நாக்கில் கசப்பாகத் தெரிகின்றன. பப்பாசியிலும் கிவியிலும் இதே சிக்கல் உண்டு. வெளிநாட்டுச் செய்முறைகளில் அன்னாசி என்று வருவது பெரும்பாலும் டின்னில் அடைத்தது. அடைக்கும்போதே சூடாக்கப்படுவதால் அதில் நொதி செத்திருக்கும். சந்தையில் வாங்கிய அன்னாசியைத் துண்டு போட்டு, இரண்டு மேசைக்கரண்டி சீனியுடன் பத்து நிமிடம் கொதிக்க வைத்து, நீரை வடித்து ஆறவிட்டால் அதுவும் சாதுவாகிவிடும்.

ஆனாலும் அன்னாசியைத் திருத்தினால் மட்டும் ஞாயிற்றுக்கிழமை காப்பாற்றப்படாது. ஜெலற்றின் 30 பாகையைத் தாண்டியதும் இளகத் தொடங்கும். பட்டரும் ஏறக்குறைய அந்தச் சூட்டில்தான் உருகும். கொழும்பில் சித்திரை, வைகாசியில் மத்தியான மேசையின் வெப்பமும் அதுதான். குளிர் நாட்டில் எழுதிய செய்முறை இங்கே மேசைக்கு வந்த இருபதாவது நிமிடத்தில் சரியும். அதனால் ஜெலற்றினை விட்டுவிட்டு கடற்பாசிக்கு மாறுங்கள். நோன்பு காலத்தில் முஸ்லிம் வீடுகளில் கடப்பாசி செய்வார்களே, அதே பாசி. கடைகளில் அகர் அகர் என்றும் சைனா மோஸ் என்றும் தூளாகவோ இழையாகவோ கிடைக்கும். அது 40 பாகைக்குச் சற்றுக் கீழே உறையும், ஒருமுறை உறைந்தால் மறுபடி இளக 85 பாகை வேண்டும். புரதம் இல்லாததால் அன்னாசி நொதி அதை ஒன்றும் செய்யாது. மரக்கறி மட்டும் சாப்பிடுகிறவரும் தயங்காமல் எடுக்கலாம். ஜெலற்றின் மிருகத் தோலிலும் எலும்பிலும் இருந்து எடுப்பது என்பதைச் சிலர் கவனிப்பதில்லை.

பழத்துக்கு மாம்பழத்தை எடுங்கள். கறுத்தக்கொழும்பான் கிடைத்தால் வேறொன்றையும் பார்க்க வேண்டாம். கைக்கு நன்றாக மெத்தென்று, காம்படியில் வாசம் வரும் பழமாக இருக்கட்டும். நார் இருந்தால் கூழை ஒருமுறை அரிதட்டில் தேய்த்து இறக்குங்கள்.

அளவுகள் 23 சென்ரிமீற்றர் அகலமும் 4 சென்ரிமீற்றர் ஆழமும் உள்ள தட்டுக்கு. அடி கழன்று வரும் தட்டென்றால் வெட்டுவது சுலபம். தளத்துக்கு மேரி பிஸ்கட் 200 கிராம், பட்டர் 110 கிராம், சீனி 2 மேசைக்கரண்டி, உப்பில்லாத பட்டர் என்றால் ஒரு சிட்டிகை உப்பு. உள்ளீட்டுக்கு எருமைச் சட்டித் தயிர் 500 கிராம், மாம்பழக் கூழ் 250 கிராம், டின்பால் 200 கிராம் (390 கிராம் டின்னில் பாதியை விடக் கொஞ்சம் கூட), கடற்பாசித் தூள் 4 கிராம், தண்ணீர் 150 மில்லி, தேசிக்காய்ப் புளி 2 மேசைக்கரண்டி. தூளை நிறுக்கத் தராசு இல்லையென்றால் மட்டமாக அள்ளிய இரண்டு தேக்கரண்டி போதும். இழையாக வாங்கினால் 5 கிராம் எடுத்து அரை மணி நேரம் ஊறவையுங்கள்.

தயிரில் இருந்து தொடங்குங்கள். வெள்ளிக்கிழமை இரவே மெல்லிய துணியில் கட்டி, வடியில் வைத்து, அடியில் கிண்ணம் வைத்து பிரிட்ஜுக்குள் விடுங்கள். வெளியே தொங்கவிட்டால் இந்தச் சூட்டில் காலைக்குள் புளித்துவிடும். ஆறேழு மணி நேரத்தில் நீர் இறங்கி ஏறக்குறைய 300 கிராம் கெட்டித் தயிர் மிஞ்சும். எருமைத் தயிரில் கொழுப்பு அதிகம் என்பதால் அது கிரீம் சீஸின் வேலையை நன்றாகவே செய்யும், விலையும் குறைவு. இதற்குப் பதில் கப் யோகட்டை வடிக்கலாம் என்று நினைக்க வேண்டாம். அவற்றில் பலவற்றில் ஜெலற்றின் சேர்த்திருப்பார்கள், நீர் இறங்காது. லேபிளைத் திருப்பிப் பார்த்தால் தெரியும்.

அடுத்தது தளம். உங்கள் தளம் உதிர்ந்ததற்குக் காரணம் பட்டர் போதாதது. மேரி பிஸ்கட் கொழுப்புக் குறைந்த வறண்ட பிஸ்கட். டைஜெஸ்டிவ் பிஸ்கட்டுக்கு எழுதிய 80, 90 கிராம் பட்டர் இதற்குக் காணாது. பக்கெட் திறந்து ஒரு நாள் ஆகியிருந்தால் காற்றின் ஈரத்தில் பிஸ்கட் நமர்ந்திருக்கும். அப்படியானால் தாச்சியில் மெல்லிய நெருப்பில் மூன்று நிமிடம் புரட்டி, ஆறவிட்டுப் பொடியுங்கள். பிளெண்டரில் மாவாக அரைக்கக் கூடாது, தளம் கல்லாகிவிடும். ரவை பதத்தில் இருந்து, இடையிடையே மிளகளவு துணுக்குகள் தெரிந்தால் சரி. உருக்கிய பட்டரையும் சீனியையும் சேர்த்துப் பிசறிய பின் ஒரு பிடி அள்ளி இறுக்கிப் பாருங்கள். பிட்டு மா பிடித்தால் நிற்கும், விரலால் தட்டினால் உதிரும். இது அதைவிட ஒரு படி ஈரமாக, தட்டினாலும் இரண்டாகப் பிளக்கிற அளவில் இருக்க வேண்டும். இதில் சீனி இனிப்புக்காக மட்டும் அல்ல. பட்டரில் உள்ள சொற்ப நீரில் கரைந்து, குளிர்ந்ததும் பசை மாதிரிப் பிடித்துக்கொள்ளும்.

பட்டருக்குப் பதில் தேங்காயெண்ணெய் ஊற்றிவிடலாமா என்று தோன்றும். அது 24 பாகையிலேயே உருகுவதால் பிரிட்ஜை விட்டு வெளியே வந்ததும் தளம் அவிழ்ந்துவிடும். டப்பாவில் வரும் மென்மையான மாஜரினும் அதே கதை, அதில் தண்ணீரும் அதிகம்.

தட்டின் அடியில் ஒயில் பேப்பர் வெட்டிப் போடுங்கள். தூளை முதலில் ஓரத்தில் ஏற்றி, பிறகு நடுவில் பரப்பி, தட்டையான அடியுள்ள கிளாஸால் அமத்துங்கள். தடிப்பு அரை சென்ரிமீற்றர் போதும். ஓரமும் அடியும் சந்திக்கும் மூலையில்தான் எல்லோரும் தடிப்பாக விட்டுவிடுவார்கள், பரிமாறும்போது அகப்பை அங்கேதான் முட்டும். அமத்தி முடிந்ததும் பதினைந்து நிமிடம் பிரீசரில் வையுங்கள்.

உள்ளீட்டில் எல்லாமே சூட்டின் கணக்கு. கொதித்த பாசியை பிரிட்ஜில் இருந்து எடுத்த தயிரில் அப்படியே ஊற்றினால், தயிரைத் தொட்ட இடத்திலேயே உறைந்து, வெள்ளை நூல் நூலாகத் திரளும். அதை எவ்வளவு அடித்தாலும் கரையாது. சாப்பிடும்போது நாக்கில் நறநறவென்று தட்டுப்படும். அந்த நிலையில் மீட்க வழியும் இல்லை, ஏனென்றால் பாசி உருகும் சூட்டில் தயிர் திரிந்துவிடும். ஆகவே தயிரை முக்கால் மணி நேரம் முன்னதாகவே வெளியே எடுத்து வையுங்கள். கொழும்புச் சூடு உதவிக்கு வருவது இந்த ஓர் இடத்தில்தான்.

ஒரு சட்டியில் மாம்பழக் கூழையும் டின்பாலையும் சேர்த்து மெல்லிய நெருப்பில் கிளறுங்கள். விரலை வைத்தால் உடனே எடுக்கத் தோன்றும் சூடு, அதாவது 60 பாகை அளவு, வந்ததும் இறக்குங்கள். கொதிக்கவிட்டால் பழத்தின் புளிப்பில் பால் திரியும். இன்னொரு சிறு சட்டியில் பச்சைத் தண்ணீரில் பாசித் தூளைத் தூவிக் கலக்கி, பிறகு அடுப்பேற்றி, கொதி வந்த பின் இரண்டு நிமிடம் விடாமல் கிளறுங்கள். இழை என்றால் ஒரு துணுக்கும் தெரியாமல் கரையும் வரை. கரண்டியைத் தூக்கிப் பார்த்தால் வழியும் நீர் கண்ணாடி போல் இருக்க வேண்டும். தேசிக்காய்ப் புளியை இதில் விடவே கூடாது, புளிப்போடு கொதித்தால் பாசி பிடிப்பை இழக்கும்.

பாசி நீரைச் சூட்டோடு மாம்பழக் கலவையில் ஊற்றி அடித்து, உடனே தயிரைச் சேர்த்து மறுபடி அடித்து, கடைசியில் புளியை விடுங்கள். எல்லாம் சேர்ந்தபின் கலவை 50 பாகைக்குச் சற்று மேலே நிற்கும், உறையத் தொடங்க இன்னும் பத்து நிமிடமாவது இருக்கும். ஒருமுறை நாக்கில் வைத்துப் பாருங்கள். குளிர்ந்ததும் இனிப்பு மட்டுப்படும், எனவே இப்போது கொஞ்சம் தூக்கலாக இருப்பதே சரி. வெதுவெதுப்பு நிலைக்கு வந்ததும் தளத்தில் ஊற்றுங்கள். கொதிசூட்டில் ஊற்றினால் பட்டர் உருகிப் பிஸ்கட் மேலே மிதக்கும்.

மேசையில் வைத்திருக்கும்போதே அரை மணி நேரத்தில் பிடித்துவிடும். பிறகு பிரிட்ஜில் குறைந்தது நான்கு மணி நேரம், இரவு முழுக்க இருந்தால் வெட்டு விளிம்பு சுத்தமாக வரும். அவசரத்துக்கு பிரீசரில் வைக்க வேண்டாம். உறைந்த பாசி இளகும்போது தனக்குள் வைத்திருந்த நீரையெல்லாம் விட்டுவிடும். கடற்பாசியைக் காயவைத்து உற்பத்தி செய்கிற பழைய வழியே உறைய வைத்து இளக விட்டு நீரை இறக்குவதுதான், அதை பைக்குள் செய்து பார்க்கத் தேவையில்லை.

மேலே போடும் மாம்பழத் துண்டுகளை சனிக்கிழமையே அடுக்கினால் சாறு இறங்கிக் குளம் கட்டும். துண்டுகளைத் தனிப் பெட்டியில் கொண்டுபோய், தாளில் ஒற்றி, பரிமாறும்போது வையுங்கள். அவற்றுக்குச் சீனி தூவ வேண்டாம். பப்பாசி போட விருப்பம் என்றால் அதுவும் அந்த நேரத்தில்தான்.

மாம்பழம் கிடைக்காத மாதங்களில் கொடித்தோடை எடுபடும். சாறு 120 மில்லி, டின்பால் 300 கிராம், தேசிக்காய்ப் புளி வேண்டாம். டின்பாலை மட்டும் தனியாகச் சூடாக்கி, சாற்றைத் தயிருக்குப் பிறகு கடைசியாகச் சேருங்கள். வேக வைத்த அன்னாசியையும் கூழாக்கிச் சேர்க்கலாம், ஆனால் வெந்த அன்னாசியில் பச்சைப் பழத்தின் துள்ளல் இருக்காது. அதை உள்ளே போடுவதைவிட மேலே பரப்பினால்தான் ருசி.

வெள்ளவத்தையில் இருந்து தெஹிவளை தூரமில்லை. ஆனால் ஞாயிறு முற்பகல் காலி வீதி நெரிசலில் முச்சக்கர வண்டிக்குள் அரை மணி நேரம் என்றே கணக்குப் பண்ணுங்கள். ரெஜிபோம் பெட்டியில் ஐஸ் பக்கெட்டைத் துணியில் சுற்றி அடியில் வைத்து, அதன்மேல் தட்டை வையுங்கள். மடியில் வைத்தால் சாயும், கால் அடியில் தரையில் வைப்பது நல்லது. போய்ச் சேர்ந்ததும் அவர்களின் பிரிட்ஜுக்குள். பாசி இளகாது என்பதற்காகத் தயிரும் பாலும் கெடாது என்றில்லை, இந்த வெயிலில் ஒரு மணி நேரத்துக்கு மேல் மேசையில் விடாதீர்கள்.

வெட்டும் முன் சுடுநீரில் நனைத்துப் பிழிந்த துணியை அரை நிமிடம் தட்டின் அடியில் பிடித்தால் பட்டர் சற்று இளகி முதல் துண்டு உடையாமல் வரும். கத்தியையும் ஒவ்வொரு வெட்டுக்கும் சுடுநீரில் தோய்த்துத் துடையுங்கள். பன்னிரண்டு துண்டுகள் தாராளமாக வரும். மிஞ்சினால் மூடி பிரிட்ஜில் இரண்டு நாள் இருக்கும். தளம் அப்போது ஊறிப் போயிருக்கும், கரண்டியால் அள்ளிக் கிண்ணத்தில் கொடுத்தால் பிள்ளைகள் புடிங் என்றே சாப்பிடுவார்கள்.