போர்க் குறும்படத்தில் முகாம் பிள்ளை: கேள்வி பதில்

திருச்சி, தஞ்சை, நாகை பக்கம் எடுக்கப்படும் குறும்படங்களுக்குப் பிள்ளைகளைத் தேர்ந்தெடுத்துப் பயிற்சி கொடுப்பது என் வேலை. ஈழப்போர் பற்றிய குறும்படத்தில் ஒரு நிமிடம் வந்து போகும் சிறுவன் வேடத்துக்கு, அகதிகள் முகாமிலிருந்தே ஒரு பிள்ளையைக் கூட்டி வரலாமா என்று சிலர் கேட்டிருந்தார்கள். அதையொட்டி வந்த கேள்விகளை இங்கே சேர்த்திருக்கிறேன்.

அண்ணே, முகாம் பையனையே போட்டால் நடிப்பில் உண்மை இருக்கும் என்று எங்கள் இயக்குநர் சொல்கிறார். சரிதானா? (கும்பகோணம், கல்லூரி மாணவர்)

பாதிதான் சரி தம்பி. போர் முடிந்தது 2009 மே மாதம். இன்றைக்குப் பத்து வயதுப் பையன் அதற்கு எத்தனையோ வருஷம் கழித்துத் திருச்சிப் பக்கத்து முகாம்களான கொட்டப்பட்டிலோ வாழவந்தான்கோட்டையிலோ பிறந்தவன். திருச்சிப் பள்ளிக்கூடத்தில் படிக்கிறான், சாயங்காலம் கிரிக்கெட் ஆடுகிறான். கொட்டப்பட்டு விமான நிலையத்தை ஒட்டிய இடம். தலைக்கு மேல் விமானம் தாழப் பறந்தாலும் அவன் நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டான். அவனுக்குப் போர் என்பது அம்மம்மா சொல்லும் கதை.

ஆனால் பேச்சு கிடைக்கும். பள்ளியில் ‘ஆமா’ என்பவன் வீட்டுக்குள் நுழைந்ததும் ‘ஓம்’ என்பான். செல்லடி (பீரங்கிக் குண்டுவீச்சு), பங்கர் (பதுங்குகுழி), கிபிர் (குண்டு போடும் போர் விமானம்) என்று சொல்லும்போது நாக்கு தடுமாறாது. நம் ஊர்ப் பிள்ளைக்கு ஒரு மாதம் பயிற்சி கொடுத்தாலும் அது வராது. வேடத்தில் வசனமே இல்லை என்றால், முகாம் பிள்ளைதான் வேண்டும் என்று அடம்பிடிக்க எந்தக் காரணமும் இல்லை. போஸ்டரில் ‘நிஜ அகதிச் சிறுவன்’ என்று போட்டுக்கொள்ளும் ஆசைதான் மிச்சம்.

செல் விழும் காட்சியில் பையன் பயந்து அழ வேண்டும். எப்படி அழ வைப்பது? (திருவாரூர்)

அழ வைக்காதீர்கள். ‘உங்க தாத்தா செத்ததை நினைச்சுக்கோ’ என்று காதில் சொல்லும் ஆட்களைப் பார்த்திருக்கிறேன். அன்றைக்குக் காட்சி கிடைத்துவிடும். ராத்திரி அந்தப் பிள்ளை தூங்காததைப் பார்க்க யூனிட்டில் யாரும் இருக்க மாட்டார்கள். சொல்லாமல் கொள்ளாமல் வெடி வைப்பதும் அதே ரகம்.

பிள்ளைக்கு உணர்ச்சியைக் கொடுக்காதீர்கள், ஒரு வேலையைக் கொடுங்கள். கொள்ளிடம் மணலில் எடுத்த படம் ஒன்றில் கஞ்சி வரிசைக் காட்சி வந்தது. போரின் கடைசி மாதங்களில், வட இலங்கையில் இருக்கும் வன்னியில் சனம் அரிசியும் உப்பும் போட்ட கஞ்சியில்தான் உயிரைப் பிடித்து வைத்திருந்தது. அதைத்தான் இப்போதும் மே மாதம் காய்ச்சி நினைவுகூர்கிறார்கள். பையன் கையில் விளிம்பு வரைக்கும் கஞ்சி ஊற்றிய சட்டி. ‘அந்தப் பனைமரம் வரைக்கும் ஓடணும், ஒரு சொட்டு சிந்தக் கூடாது’ என்பதோடு என் பேச்சு முடிந்தது. செல்லும் இல்லை, சாவும் இல்லை. அவன் கண்ணைச் சட்டியை விட்டு எடுக்கவே இல்லை. முழங்கை இறுகி, உதட்டைக் கடித்துக்கொண்டு, மணலில் கால் புதையப் புதைய ஓடினான். பாதி வழியில் கஞ்சி தளும்பி மணிக்கட்டில் வழிந்தபோது முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே! வெடிச் சத்தத்தை எடிட்டிங்கில் சேர்த்தார்கள். திரையில் பார்த்தவர்களுக்கு அது பயம். அவனைக் கேட்டால் கஞ்சி சிந்தின கவலை.

ஒரே நாள் ஷூட்டிங்தானே, அனுமதி எல்லாம் எதற்கு? (தஞ்சாவூர்)

ஒரு நாளானாலும் வேண்டும். படப்பிடிப்பு நடக்கும் மாவட்டத்தின் ஆட்சியரிடம் தயாரிப்பாளர் விண்ணப்பிக்க வேண்டும். பிள்ளை திருச்சியில் இருந்தாலும், வேதாரண்யத்தில் எடுத்தால் நாகை ஆட்சியர்தான். கிடைக்கும் அனுமதி ஆறு மாதம் செல்லும். ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் பிள்ளையை வேலை வாங்கக் கூடாது, மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓய்வில்லாமல் வைத்திருக்கக் கூடாது. சம்பளத்தில் 20 சதவீதமாவது பிள்ளை பேரில் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்புத்தொகையாகப் போக வேண்டும். பட்ஜெட் சின்னது என்பதெல்லாம் சாக்கு ஆகாது.

முகாம் என்றால் இன்னொன்றும் உண்டு. 2021இல் ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாறினாலும், முகாம்வாசிகள் நேரில் வந்து நிற்க வேண்டிய வருகைப் பதிவு நாள் இருக்கிறது. அந்த நாளில் ஷூட்டிங் வைக்காதீர்கள். ராத்திரி வெளியே தங்குவதாக இருந்தால் முகாம் அலுவலகத்தில் முதலிலேயே பேசிவிடுங்கள்.

டெல்டாவில் எடுத்தால் வன்னி மாதிரி இருக்குமா? எங்கே பார்த்தாலும் வயலும் வாய்க்காலுமாக அல்லவா இருக்கும்? (மன்னார்குடி)

வயலைத் தாண்டி வாருங்கள். உப்பளம் இருக்கும் ஆனையிறவு மாதிரி வேண்டுமென்றால் வேதாரண்யம் உப்பளம். பனைமரமும் பக்கத்திலேயே கிடைக்கும். முல்லைத்தீவின் நந்திக்கடல் மாதிரிக் களப்புக்கு (கடலோர உப்பங்கழிக்கு) முத்துப்பேட்டை. ஆனால் அலையாத்தி மரங்கள் ஃபிரேமுக்குள் அடர்ந்து வரவிடாதீர்கள். செம்மண் ரோட்டுக்கு வல்லம் பக்கம் போங்கள். கடலோரத்தில் ராணுவ உடை, டம்மி துப்பாக்கியோடு இறங்குவதற்கு முன் உள்ளூர் ஸ்டேஷனிலும் கடலோரப் பாதுகாப்புக் குழும போலீசிலும் எழுதிக் கொடுத்துவிடுங்கள். இலங்கை பக்கத்தில் இருக்கும் கரை அது, வேடிக்கையாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.

பையன் கையிலேயே டம்மி துப்பாக்கி கொடுக்கலாமா?

என் படத்தில் கொடுக்க மாட்டேன்.

அகதி என்று தெரிய உடுப்பைக் கிழித்து, முகத்தில் கரி பூசினால் போதுமா? (மயிலாடுதுறை)

ஓடி வந்தவர்கள் வாத்தியார், கடைக்காரர், கிளார்க், விவசாயி. நல்ல உடுப்போடுதான் வீட்டை விட்டுக் கிளம்பினார்கள். அங்கே பள்ளிச் சீருடை வெள்ளை. பையன்களுக்கு வெள்ளைச் சட்டை, நீலக் கால்சட்டை. அந்த வெள்ளைச் சட்டை பல நாள் புழுதியில் பழுப்பேறியிருந்தால் போதும், கரி வேண்டாம்.

படம் வெளிநாட்டு விழாவுக்குத் தேர்வானால் பையனையும் கூட்டிப் போகலாமா? (நாகப்பட்டினம்)

வாக்குக் கொடுத்துவிடாதீர்கள். இந்தியாவில் பிறந்ததாலேயே குடியுரிமை கிடைப்பது 1987 ஜூலை 1க்கு முன் பிறந்தவர்களோடு நின்றுவிட்டது. பிறகு பிறந்தவர்களுக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும், 2004 டிசம்பருக்குப் பின் விதி இன்னும் இறுகிவிட்டது. அம்மா, அப்பா இருவருமே இந்தியக் குடியுரிமை இல்லாத முகாம்வாசிகள் என்றால் பிள்ளைக்கு இந்திய பாஸ்போர்ட் கிடையாது. திருச்சியிலேயே ஒரு திரையிடல் வையுங்கள், முகாமே வந்து பார்க்கும்.

அண்ணா, என் மகன் போன மாதம் ஒரு படத்தில் நடிச்சவன். அந்தக் காட்சியை வெட்டிப்போட்டினம் எண்டு வேறு ஆக்கள் சொல்லித்தான் தெரிஞ்சது. பிள்ளை வகுப்பில எல்லாருக்கும் சொல்லி வைச்சிட்டான். (முகாமிலிருந்து ஒரு தாய்)

தங்கச்சி, சின்ன வேடங்கள் எடிட்டிங்கில் போவது வழக்கம்தான், நடிப்பு சரியில்லை என்று அர்த்தமில்லை. ஆனால் அதை இயக்குநர் உங்கள் வீட்டுக்கு வந்து மகனிடமே சொல்லியிருக்க வேண்டும். இப்போதும் கேளுங்கள்: வெட்டிய காட்சியை ஒரு பென் டிரைவில் போட்டுத் தரச் சொல்லுங்கள், படத்தின் கடைசியில் வரும் பெயர்ப் பட்டியலில் அவன் பெயர் இருக்கிறதா என்றும் பாருங்கள். நடித்ததற்குப் பேசிய பணத்தையும் விடாதீர்கள். காட்சி படத்தில் இல்லாவிட்டாலும் அவன் வேலை செய்தது செய்ததுதானே.