ஓய்வு பெறப்போகிறவரின் அறிவை எப்படிக் கணக்கெடுப்பது?

மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில் உள்ள பிறையில் 40 பேர் வேலை செய்யும் பிளாஸ்டிக் வார்ப்புத் தொழிற்சாலை. மூத்த டெக்னீஷியன் ஆறு மாதத்தில் ஓய்வு பெறுகிறார், எங்கே தொடங்குவது என்று கேட்டிருக்கிறீர்கள்.

கோப்புகளில் தொடங்காதீர்கள். "இவர் இரண்டு வாரம் லீவு போட்டால் எது நிற்கும்?" என்று ஒவ்வொரு பிரிவிலும் கேளுங்கள். கிடைக்கும் வேலைகளை எக்செல் தாளில் இடப்பக்கம் எழுதி, மேலே ஆட்களின் பெயரைப் போடுங்கள். தனியாகச் செய்பவருக்கு 2, உதவியோடு செய்பவருக்கு 1, தெரியாதவருக்கு 0. ஒரே ஒரு 2 உள்ள வரிசைதான் ஆபத்து. அவரவரே போட்ட மதிப்பெண்ணை அப்படியே ஏற்காமல், சூப்பர்வைசரிடமும் தனியாக வாங்கி ஒப்பிடுங்கள்.

மூத்தவரை அறையில் உட்காரவைத்துக் கேட்டால், "எல்லாம் பழக்கந்தாங்க" என்பார். மெஷின் பக்கத்தில் நின்று கேளுங்கள்: "நைலான் பொருளில் வெள்ளி நிறக் கோடு விழுந்தால் முதலில் எதைப் பார்ப்பீர்கள்?" மெஷினின் சூட்டு அளவை மாற்றமாட்டார், உருக்கப் போடும் நைலான் துகள் சரியாகக் காய்ந்ததா என்று டிரையரைத் திறப்பார், ஏனென்றால் நைலான் காற்றின் ஈரத்தை இழுக்கும். அந்த "ஏனென்றால்"தான் உங்களுக்கு வேண்டியது. தமிழிலோ மலாயிலோ, அவர் பேசும்படியே பதிவு செய்யுங்கள்.

பிறகு இளையவர் செய்யட்டும், மூத்தவர் கைகட்டிப் பார்க்கட்டும். அது முடிந்தால்தான் 1-ஐ 2 ஆக்கலாம்.

சொல்லிக்கொடுத்தால் வேலை போய்விடும் என்ற பயம் இருந்தால் பாதிதான் வெளியே வரும். முதல் நாளே முதலாளி நேரில் பேசி அதைத் தீர்க்க வேண்டும்.