பையில் என்ன இருந்தது என்று கேட்டீர்களா?

கேள்வி: நான் சமூகப்பணித் துறையில் முனைவர் பட்டம் முடித்தவள். மறதிநோய் வந்த முதியவர்களை வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளும் 18 பெண்களை நேர்காணல் செய்தேன். மொத்தம் 26 மணி நேர ஒலிப்பதிவு. ஆய்வேடு ஆங்கிலத்தில் இருப்பதால் அந்தப் பெண்கள் அதைப் படிக்கப்போவதில்லை. அவர்கள் ஊர்களிலேயே போட்டுக் காட்ட, 40 நிமிட நாடகமாக்க ஆசை. ஒரு பிரதி எழுதினேன். வாசித்த நண்பர்கள் 'கருத்தரங்குபோல இருக்கிறது' என்கிறார்கள். எங்கே தவறுகிறேன்? அவர்கள் சொன்னதை அப்படியே மேடையில் பேசலாமா?
- ஒரு வாசகி, திண்டுக்கல் மாவட்டம்

பதில்: நீங்கள் அனுப்பிய பிரதியைப் படித்தேன். ஐந்து காட்சிகள். 'பொருளாதாரச் சுமை', 'உடன்பிறந்தோர் ஒத்துழையாமை', 'சமாளிப்பு உத்திகள்' என்று ஆய்வேட்டின் உள்தலைப்புகளே காட்சிகளாக வந்திருக்கின்றன. ஒவ்வொன்றிலும் ஒரு பெண் வந்து தலைப்பை மெய்ப்பித்துவிட்டுப் போகிறாள். கருத்தரங்கு வாடை அங்கிருந்துதான் வருகிறது.

18 பேருடைய வாழ்க்கையைப் பிரித்து, ஒத்த துண்டுகளை ஒரே உறையில் போட்டுத்தான் ஆய்வேடு எழுதினீர்கள். அது சரியான ஆய்வுமுறை. ஆனால் எந்த வீட்டிலும் பொருளாதாரச் சுமை திங்கட்கிழமையும் நாத்தனார் சண்டை செவ்வாய்க்கிழமையும் வருவதில்லை. மாத்திரை தீர்ந்துபோன அதே சாயங்காலம்தான் நாத்தனாரின் போனும் வரும், பால்காரரும் கணக்குக் கேட்பார். உறைகளைப் பிரித்துக் கொட்டிவிட்டு, ஒருத்தியின் ஒரு பொழுதுக்குத் திரும்பிப் போங்கள்.

அதற்கு ஆய்வேடு உதவாது. அதில் உள்ள மேற்கோள்கள் நீங்கள் ஆங்கிலத்தில் பெயர்த்தவை. அவற்றையே மறுபடி தமிழாக்கியிருக்கிறீர்கள் என்பது 'நான் உணர்வுரீதியாகச் சோர்வடைந்திருந்தேன்' என்ற வசனத்திலேயே தெரிகிறது. வத்தலக்குண்டில் யார் அப்படிப் பேசுகிறார்கள்? ஒலிப்பதிவை மறுபடி கேளுங்கள். மூச்சுவிட்ட இடம், பாதியில் நிறுத்திச் சிரித்த இடம், 'அதை விடுங்கள்' என்று தாண்டிப்போன இடம், எல்லாவற்றையும் ஓரத்தில் குறியுங்கள். எழுத்தாக்கும்போது தட்டச்சு செய்தவர் இவற்றையெல்லாம் 'சுத்தம்' செய்திருப்பார்.

உங்கள் பின்னிணைப்பிலேயே ஒரு புதையல் இருக்கிறது. ஏழாவது நேர்காணலில் ஒரு மருமகள் சொல்வது (அச்சுக்காக எழுத்து நடையில் தருகிறேன், மேடையில் அவருடைய பேச்சே இருக்கட்டும்):

"சாயங்காலம் நாலு மணியானால் பையை எடுத்துக்கொண்டு, 'எங்கள் வீட்டுக்குப் போகிறேன்' என்று கிளம்பிவிடுவார். நானும் கூடவே கிளம்புவேன். தெருவைச் சுற்றிவிட்டு அதே வாசலில் வந்து நின்று, 'வீடு வந்துவிட்டது, அத்தை' என்பேன். 'நல்லவேளை, அங்கே ஒருத்தி என்னை விடவே மாட்டேன் என்றாள்' என்பார்."

அந்த 'ஒருத்தி' யார் என்று மருமகளுக்குத் தெரியும், நமக்கும் தெரியும், மாமியாருக்குத் தெரியாது. ஒரு நாடகத்துக்கு இதைவிட என்ன வேண்டும்? நீங்களோ இதைச் 'சமாளிப்பு உத்தி'யாக்கி, 'இப்படித்தான் நான் அவரைத் திசைதிருப்புகிறேன்' என்று அவர் வாயாலேயே விளக்கம் சொல்ல வைத்துவிட்டீர்கள். அந்த விளக்கத்தை அடித்துவிடுங்கள். இந்த நடையையே நாடகத்தின் முதுகெலும்பாக்குங்கள். மூன்று முறை நடக்கட்டும். முதல் முறை மருமகள் பொறுமையாகக் கூட நடக்கிறாள். இரண்டாம் முறை அடுப்பில் பால், கையில் போன், போனில் நாத்தனார், இருந்தும் நடக்கிறாள். மூன்றாம் முறை மாமியார் எழவில்லை. மணி நாலு தாண்டிவிட்டது. மருமகளே பையை எடுத்துக் கையில் கொடுக்கிறாள். நீங்கள் பிரித்து எழுதிய ஐந்து தலைப்புகளும் இந்த மூன்று நடைக்குள் தாமாக வந்து சேரும்.

இங்கே ஒரு கேள்வி. அந்தப் பையில் என்ன இருந்தது? 26 மணி நேரத்தில் நீங்கள் அதைக் கேட்கவே இல்லை. ஆய்வுக்கு அது தேவைப்படவில்லை. மேடையிலோ நடிகை பையைத் திறந்தால் ஏதாவது இருந்தாக வேண்டும். 'ஒரு பழைய புகைப்படம் வைத்துவிடலாம்' என்று தோன்றும். வேண்டாம், புகைப்படம் எல்லா நாடகத்திலும் இருக்கிறது. போய்க் கேளுங்கள். சீப்பும் ரேஷன் கார்டும் என்பார், அல்லது நாம் நினைத்தே பார்க்காத ஒன்றைச் சொல்வார். ஆய்வை நாடகமாக்குகிறவர் இரண்டாம் முறை களத்துக்குப் போவது பெரும்பாலும் இப்படிப்பட்ட அற்ப விவரங்களுக்காகத்தான்.

கணக்கையும் பார்த்துவிடுவோம். 26 மணி நேரப் பேச்சு ஏறக்குறைய ஒன்றரை லட்சம் சொல் வரும். மௌனத்துக்கும் நடமாட்டத்துக்கும் இடம்விட்டால் 40 நிமிடத்தில் மூவாயிரம் சொல்தான் பேச முடியும். நூற்றுக்கு இரண்டு. 98 பங்கைக் கீழே போட மனம் வராதவர்கள்தான் கருத்தரங்கு நடத்துகிறார்கள். இந்தியாவில் 60 வயதைக் கடந்தவர்களில் 7.4 சதவீதம், அதாவது சுமார் 88 லட்சம் பேருக்கு மறதிநோய் இருக்கலாம் என்ற மதிப்பீட்டை இரண்டாம் காட்சியில் மருத்துவர் ஒப்பிக்கிறார். அதை வாசலில் கொடுக்கும் துண்டறிக்கைக்கு மாற்றுங்கள்.

சொன்னதை அப்படியே பேசலாமா என்று கேட்டீர்கள். பேசலாம். அமெரிக்காவில் அன்னா டெவியர் ஸ்மித் 1992இல் நடந்த லாஸ் ஏஞ்சல்ஸ் கலவரத்தைப் பற்றிச் சுமார் 300 பேரிடம் பேசி, அவர்களில் சிலரைத் தேர்ந்தெடுத்து, திக்கல் திணறல் உட்பட அவர்கள் பேசியபடியே தாம் ஒருவராக மேடையில் நடித்தார். வயோமிங் மாநிலத்து லாரமியில் 1998 அக்டோபரில் மாத்யூ ஷெப்பர்ட் என்ற மாணவர் தன்பாலீர்ப்பாளர் என்பதற்காகக் கொல்லப்பட்டபோது, மொய்செஸ் காஃப்மனின் டெக்டானிக் தியேட்டர் குழு அடுத்த மாதமே அங்கே போனது. ஒன்றரை ஆண்டில் 200க்கும் மேற்பட்ட நேர்காணல்கள். 2000 பிப்ரவரியில் டென்வரில் அரங்கேறிய அந்த நாடகத்தில் எட்டு நடிகர்கள் அறுபதுக்கும் மேற்பட்டவர்களாக மாறிமாறி வந்தார்கள். கேள்வி கேட்கப் போன நாடகக்காரர்களும் அதில் பாத்திரங்கள்.

ஆனால் அங்கே பேசியவர்களில் பெரும்பாலோர் தங்கள் பெயரோடு பேசியவர்கள். நீங்களோ 18 பேருக்கும் அடையாளம் வெளியே வராது என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறீர்கள். ஆகவே சிலரைச் சேர்த்து ஒரு பாத்திரமாக்க வேண்டிவரும். யாரை யாரோடு சேர்ப்பது என்பதில்தான் உங்கள் ஆய்வு நிற்கும் அல்லது விழும். மகள் பார்த்துக்கொண்டால் பாசம், மருமகள் பார்த்துக்கொண்டால் கடமை என்று ஊர் பிரித்துப் பேசுவதைத்தான் உங்கள் ஆய்வு முக்கியமாகக் கண்டுபிடித்திருக்கிறது. பிரதியில் ஒரு மகளையும் ஒரு மருமகளையும் கலந்து 'லட்சுமி' என்று ஒரு பாத்திரம் செய்திருக்கிறீர்கள். கண்டுபிடித்ததை நீங்களே அழித்துவிட்டீர்கள். இரண்டு மருமகள்களைச் சேருங்கள், தவறில்லை.

பெயரை மாற்றினால் போதும் என்றும் நினைக்காதீர்கள். பல ஆண்டுகளுக்கு முன் ஒரு பெண்ணின் கதையை வைத்து நான் எழுதிய நாடகத்தில் பெயர், ஊர், தொழில் மூன்றையும் மாற்றியிருந்தேன். கோபம் வந்தால் அந்தப் பெண் சொல்லும் ஒரு சொலவடையை மட்டும், அழகாக இருக்கிறதே என்று விட்டுவிட்டேன். மூன்றாவது வரிசையிலிருந்து ஒரு குரல் கேட்டது: "இது மேலத்தெரு டெய்லர் வீடுதானே?" அந்தப் பெண்ணும் அன்று பார்க்க வந்திருந்தார். அதன் பிறகு அவர் என்னோடு பேசவில்லை.

ஆகவே ஒப்புதலை மறுபடி வாங்குங்கள். பழைய படிவம் ஆய்வுக்கு மட்டும் கொடுத்தது. உங்கள் நிறுவனத்தின் நெறிமுறைக் குழுவுக்கும் தெரிவிக்க வேண்டும். கையெழுத்தோடு நிற்காமல், பிரதியை அவரவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து வாசித்துக் காட்டுங்கள். ஆஸ்திரேலியாவில் ஜிம் மியென்சாகோவ்ஸ்கி மனநோய், குடிப்பழக்கம் பற்றிய ஆய்வுகளை நாடகமாக்கியபோது, பிரதியைத் தகவல் தந்தவர்களிடமே திரும்பக் கொண்டுபோய்ச் சரிபார்த்தார். 'இது வேண்டாம்' என்று ஒருவர் சொன்னால், அது நாடகத்தின் ஆகச்சிறந்த வரியாக இருந்தாலும் போகட்டும். ஏழாம் நேர்காணல் மருமகள் மறுத்தால் பையும் இல்லை, நடையும் இல்லை. அந்த ஆபத்து இருப்பதால் முதலில் அவரிடமே போங்கள்.

ஒலிப்பதிவை நடிகர்களிடம் கொடுத்துவிடாதீர்கள். குரலும் அடையாளம்தான். நீங்கள் கேட்டு, நீங்கள் பேசிக் காட்டுங்கள். அவர்கள் உங்களிடமிருந்து பிடித்துக்கொள்ளட்டும்.

உங்களுக்கும் மேடையில் ஓர் இடம் இருக்கிறது. இப்போதைய பிரதியில் ஆய்வாளர் கடைசியில் வந்து தீர்வு சொல்கிறார், அதை எடுத்துவிடுங்கள். தெருக்கூத்தில் கட்டியங்காரன் கதைக்குள்ளும் இருப்பான், வெளியேயும் நிற்பான், ராஜாவையே கிண்டல் செய்வான், தானும் கிண்டலுக்கு ஆளாவான். ஆய்வாளரை அந்த இடத்தில் வைத்துப் பாருங்கள். மூன்றாம் நேர்காணலில் "ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம் பராமரிக்கிறீர்கள்?" என்று கேட்கிறீர்கள். எட்டு விநாடி மௌனம். பிறகு அந்தப் பெண் சிரிக்கிறார். "தூங்குகிற நேரத்தையும் சேர்த்தா, சேர்க்காமலா?" உங்கள் கேள்வியோடு சேர்த்து அதை அப்படியே மேடைக்குக் கொண்டுவாருங்கள். அசடு வழிவது நீங்களாக இருந்தால் பார்க்கிறவர்கள் உங்களை நம்புவார்கள்.

கடைசியாக நேரம். மாலை ஆறு மணிக்குக் காட்சி என்று எழுதியிருக்கிறீர்கள். சாயங்காலம்தான் இந்த நோயாளிகள் பலருக்குப் பதற்றம் கூடும் பொழுது. யாருக்காகப் போடுகிறீர்களோ அவர்களால் வர முடியாது. சமையல் முடிந்து காலை பதினொரு மணிக்கு வையுங்கள். கூட்டி வந்தால் முதியவர்களைப் பார்த்துக்கொள்ள அடுத்த அறையில் விவரம் தெரிந்த இரண்டு பேர் இருக்கட்டும். முடிந்ததும் உடனே நாற்காலிகளை எடுத்துவிடாதீர்கள். பேச வேண்டியவர்கள் கூட்டம் கலைந்த பிறகுதான் பேசுவார்கள். அழுகிறவர்கள் இருப்பார்கள், அவர்களோடு உட்கார ஒரு மனநல ஆலோசகரை முன்கூட்டியே அழைத்து வையுங்கள். கதவைத் தாழிடாதீர்கள். நடுவில் எழுந்து, பையை எடுத்துக்கொண்டு கிளம்புகிறவர் ஒருவராவது இருப்பார். அவரோடு நடக்க ஓர் ஆள் வாசலில் நிற்கட்டும்.