நாரி நோவுக்கு எந்தக் குறியீடு?

கேள்வி: களுவாஞ்சிகுடியிலிருந்து எழுதுகிறேன். ஆஸ்பத்திரி ஒன்றின் ரெக்கோட் ரூமில் இரண்டு வருடம் வேலை செய்தேன். அங்கே நாரி நோவுக்கு, அதாவது கீழ்முதுகு நோவுக்கு, எம்54.5 என்ற குறியீட்டைத்தான் போடுவோம். இப்போது வீட்டிலிருந்தே ஓர் அமெரிக்க பிசியோதெரபி கிளினிக்குக்கு மெடிக்கல் கோடிங் (நோயாளியின் நோட்ஸைப் பார்த்து நோய்க்குக் குறியீடு போடும் வேலை) செய்கிறேன். அதே எம்54.5 போட்டால் காப்புறுதிக்கு அனுப்பும் கிளெயிம் திரும்பி வருகிறது. "எம்54.51 போடுங்க, இல்லாட்டி எம்54.16 போடுங்க, பாஸாகிடும்" என்கிறார் மேற்பார்வையாளர். போடலாமா? இன்னொன்று, வாட்டிலிருந்து வீடு வந்த என் அப்பாவின் டயக்னோசிஸ் கார்டில் "எல்பிபி" என்று மட்டும் எழுதியிருக்கிறது. காப்புறுதிக் கம்பெனி விபரம் கேட்கிறது. என்ன செய்வது?

பதில்: தங்கச்சி, நீங்கள் படித்தது பிழையில்லை. புத்தகம்தான் வேறு.

ரெக்கோட் ரூமில் உங்கள் கையில் இருந்தது உலக சுகாதார நிறுவனத்தின் நோய்க் குறியீட்டுப் புத்தகமான ஐசிடி-10. நம் அரச ஆஸ்பத்திரிகளில் வாட்டில் படுத்து வீடு போகிறவர்களின் நோய்கள் அந்தப் புத்தகப்படி குறியிடப்பட்டுச் சுகாதார அமைச்சின் புள்ளிவிபரத்துக்குப் போகின்றன. அது தலை எண்ணும் வேலை. யாருக்கும் காசு கொடுப்பதோ மறுப்பதோ அந்தக் குறியீட்டை வைத்து நடப்பதில்லை. அதனால் எம்54.5 என்ற நான்கு எழுத்தே அங்கே போதும்.

அமெரிக்காவில் பாவிப்பது அதே புத்தகத்தை விரித்தெழுதிய ஐசிடி-10-சிஎம். 2015 ஒக்டோபர் 1 முதல் அங்கே அதுதான் நடைமுறை. ஒவ்வொரு குறியீட்டின் பின்னாலும் ஒரு பில் நிற்பதால் வலதா இடதா, முதுகெலும்பின் எந்தப் பகுதி, காரணம் என்ன என்று நோண்டிக்கொண்டே போவார்கள். 2021 ஒக்டோபர் 1 அன்று எம்54.5ஐ மூன்றாகப் பிரித்துவிட்டார்கள். அன்றிலிருந்து வெறும் எம்54.5 அங்கே செல்லாத நோட்டு. உங்கள் கிளெயிம் திரும்பி வரக் காரணம் இவ்வளவுதான்.

மூன்றில் எம்54.50 என்பது காரணம் குறிப்பிடப்படாத நாரி நோ. எம்54.59 என்பது, சிகிச்சை கொடுத்தவர் இன்ன வகை நோ என்று எழுதியிருந்தும் அந்த வகைக்குத் தனிக் குறியீடு இல்லாதபோது போடுவது. நடுவில் உள்ள எம்54.51தான் வில்லங்கம். முள்ளந்தண்டு எலும்பின் முனைத்தட்டிலிருந்து, அதாவது எலும்பும் டிஸ்க்கும் தொடும் பரப்பிலிருந்து, கிளம்பும் நோவுக்கு அது. பெரும்பாலும் எம்ஆர்ஐயில் அந்த முனைத்தட்டையொட்டித் தெரியும், மோடிக் மாற்றம் என்று சொல்லப்படுவதைப் பார்த்துத்தான் மருத்துவர் அப்படி ஒரு முடிவுக்கு வருவார். "லோ பேக் பெயின்" என்ற மூன்று சொல்லை வைத்துக்கொண்டு அதைப் போட முடியாது. எம்54.16ம் அப்படித்தான். அது நரம்பு வேர் பாதிக்கப்பட்ட ரடிகுலோபதி. நோட்ஸில் கால் விறைப்பு, ரிஃப்ளெக்ஸ் குறைவு எல்லாம் இருந்தாலும் "ரடிகுலோபதி" என்று மருத்துவர் எழுதாதவரை நீங்கள் எழுதக் கூடாது. நோயைத் தீர்மானிப்பது நம் வேலையில்லை.

ஆகவே மேற்பார்வையாளர் சொன்னதைச் செய்யாதீர்கள். "பாஸாகிடும்" என்பது உண்மைதான். பாஸான பிறகு ஓடிட் வரும்போதுதான் சங்கதி தெரியும். மெடிகெயர் போன்ற அரச காப்புறுதிக்குத் தெரிந்தே பொய்யான கிளெயிம் அனுப்பினால் அங்கே ஃபோல்ஸ் கிளெயிம்ஸ் அக்ட் என்ற சட்டத்தில் போய் விழும். அவர் வாயால் சொன்னதை இமெயிலில் அனுப்பச் சொல்லிப் பாருங்கள். பாதிப் பிரச்சினை அதோடு தீரும்.

சரி, எதைப் போடுவது? நம் பக்கத்து ஆட்கள் மூன்று பேர் உங்கள் அமெரிக்க கிளினிக்குக்குப் போனார்கள் என்று வையுங்கள் (விசா கிடைத்தால்!). மூன்று பேரும் சொல்வது ஒரே வசனம்: "நாரி நோகுது".

மருதமுனைக்காரர் இருபது வருடமாகத் தறியில் குந்தியிருந்து நெய்பவர். நாரி உளைகிறது, காலுக்கு இறங்கவில்லை, சோதித்ததில் வேறொன்றும் பிடிபடவில்லை. எம்54.50. அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. உலகத்தில் நாரி நோ வருகிறவர்களில் பெரும்பாலானோருக்குக் குறிப்பான காரணம் அகப்படுவதே இல்லை.

சம்மாந்துறைக்காரருக்கு வயலில் ஐம்பது கிலோ உரமூட்டையைத் தூக்கும்போது சடக்கென்று பிடித்தது. மருத்துவர் "லம்பர் ஸ்ட்ரெயின்" (நாரித் தசை இழுபட்டது) என்று எழுதியிருக்கிறார். இது காயம். எம் வரிசையை விட்டு எஸ் வரிசைக்குப் போக வேண்டும்: எஸ்39.012. அதோடு ஏழாவது எழுத்தும் வேண்டும். இங்கேதான் புதியவர்கள் அநேகம் பேர் வழுக்குவார்கள். ஏ என்றால் முதல் விசிட், டி என்றால் இரண்டாம் விசிட் என்று நினைத்துக்கொள்வார்கள். அப்படியில்லை. காயத்துக்கு நேரடி சிகிச்சை நடக்கும் வரை எத்தனை தரம் வந்தாலும் ஏ. அது முடிந்து ஆறிவரும் காலத்துப் பராமரிப்புக்கு டி. பிசியோதெரபிக்கு வருகிறவர் பெரும்பாலும் அந்த இரண்டாம் கட்டத்தில் இருப்பவர். உங்கள் பழைய கிளெயிம்களை ஒருக்கால் திருப்பிப் பாருங்கள்.

கல்லடியில் கரைவலை இழுப்பவருக்கு நோ நாரியில் தொடங்கி வலது பின்தொடை வழியாகக் கால் வரை இழுக்கிறது. "லம்பேகோ வித் சயாட்டிக்கா, வலது" என்று எழுதியிருந்தால் எம்54.41. இடது என்றால் எம்54.42. இரண்டு காலிலும் என்றால் அதற்கென்று தனிக் குறியீடு இல்லை, இரண்டையும் போட வேண்டும். ஆனால் இதெல்லாம் டிஸ்க்கால் வந்தது என்று மருத்துவர் எழுதிவிட்டால் எம்54.4ஐயே மறந்துவிட்டு எம்51.16க்கோ எம்51.17க்கோ போக வேண்டும். இந்தக் கடைசி இரண்டு பேரில் எவருக்கும், விட்டுப்போகக் கூடாது என்று பயந்து, எம்54.50ஐயும் பக்கத்தில் ஒட்டிவைக்காதீர்கள். இவற்றைச் சேர்த்துப் போடாதே என்று புத்தகத்திலேயே உள்ள எக்ஸ்கிளூட்ஸ் 1 குறிப்பு அதைத் தடுக்கிறது. ஒரே பிள்ளைக்கு இரண்டு பிறப்பத்தாட்சிப் பத்திரம் எடுக்கிற வேலை அது.

தேய்ந்த டிஸ்க்குக்கான எம்51.36ம் இப்போது வெறுமையாகச் செல்லாது. 2024 ஒக்டோபர் 1 முதல் எம்51.360, 361, 362, 369 என்று பிரிந்திருக்கிறது, நோ நாரியில் மட்டுமா, காலில் மட்டுமா, இரண்டிலுமா, நோவைப் பற்றி ஒன்றும் எழுதப்படவில்லையா என்பதைப் பொறுத்து. ஒவ்வொரு ஒக்டோபரிலும் புதுப் பட்டியலைப் பார்ப்பதை ஒரு பழக்கமாக்குங்கள். கிளெயிம் அனுப்பும் திகதியைப் பார்க்காதீர்கள், நோயாளியைப் பார்த்த திகதியில் எது நடைமுறையில் இருந்ததோ அதுதான் கணக்கு.

"டிஸ்க்காக இருக்கலாம்", "சந்தேகம்" என்றெல்லாம் வெளிநோயாளர் நோட்ஸில் வந்தால் அதைக் குறியிடக் கூடாது, அறிகுறியை மட்டுமே குறியிட வேண்டும். இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் "டிஸ்க் விலகலா என்று பார்க்க" என்று எழுதியிருந்ததை டிஸ்க் விலகல் என்றே பதிந்துவிட்டேன். ஸ்கேனில் அந்த மனிதருக்கு ஒன்றும் இருக்கவில்லை. ஆனால் என் குறியீடு அவர் ஃபைலில் குந்தியிருந்து, பிறகு காப்புறுதிக்கு அவர் அலைந்த ஒவ்வொரு இடத்திலும் முன்னால் வந்து நின்றது.

நோட்ஸ் போதாவிட்டால் மருத்துவரிடமே கேளுங்கள். கேட்கும் விதத்தில்தான் விஷயம். "ரடிகுலோபதி என்று எழுதுவீர்களா?" என்பது வாயில் ஊட்டுவது. "வலது கால் விறைப்பு என்று எழுதியிருக்கிறீர்கள். அதற்குத் தொடர்புடைய நோய் ஏதும் தீர்மானித்திருந்தால் தயவுசெய்து பதியுங்கள், தீர்மானிக்கவில்லை என்றால் அதையே குறிப்பிடுங்கள்" என்பது கேள்வி.

இனி அப்பாவின் விஷயம். எல்பிபி என்பது லோ பேக் பெயின், அவ்வளவுதான். வாட்டில் ஐம்பது பேருக்கு நடுவில் எழுதும் டொக்டரைக் குறை சொல்லி வேலையில்லை. கார்டில் திருத்தி எழுதித் தாருங்கள் என்று கேட்காதீர்கள், அடித்துத் திருத்திய கார்டைக் கண்டால் கம்பெனிக்குச் சந்தேகம்தான் கூடும். பெட் ஹெட் டிக்கெட், அதாவது வாட்டில் இருந்தபோது எழுதிய முழுக் குறிப்பு, ஆஸ்பத்திரியில்தான் இருக்கும். அதைப் பார்த்து மெடிக்கல் ரிப்போர்ட் ஒன்று தரும்படி, அனுமதித்த திகதியையும் கார்டில் உள்ள இலக்கத்தையும் போட்டு எழுத்தில் கேளுங்கள். ரெக்கோட் ரூமில் இருந்த உங்களுக்கு இந்த வழி புதிதில்லை. நோ எப்போது, எதனால் தொடங்கியது, காலுக்கு இறங்கியதா, எந்தப் பக்கம், என்ன சோதனை, என்ன சிகிச்சை, எத்தனை நாள் ஓய்வு என்பவை அதில் வர வேண்டும். எம்ஆர்ஐ எடுத்திருந்தால் படத்தை மட்டும் கொடுக்காமல் அறிக்கையையும் சேர்த்துக் கொடுங்கள். ஆனால் அறிக்கையில் "டிஸ்க் பல்ஜ்" (டிஸ்க் பிதுங்கல்) என்று கண்டதும் அதுதான் நோய் என்று நீங்களே கிளெயிம் ஃபோமில் எழுதிவிடாதீர்கள். ஒரு நோவும் இல்லாதவர்களின் ஸ்கேனிலும் அது தாராளமாகத் தெரியும்.

அப்பாவுக்குப் பழைய நாரிப்பிடிப்பு இருந்தது உண்மையென்றால் அதை மறைக்கச் சொல்லி எவரையும் கேட்க வேண்டாம். பழைய கிளினிக் கொப்பி ஒன்று வெளியே வந்தால் மொத்த கிளெயிமும் போய்விடும்.

இடையில் அவருக்குச் சலம் போவது தடைப்பட்டாலோ, குந்துகிற இடம் (ஆசனவாயைச் சுற்றி) விறைத்தாலோ, இரண்டு காலும் சோர்ந்தாலோ ஃபோமையெல்லாம் ஒரு பக்கம் வைத்துவிட்டு அந்த இரவே கிட்டிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு ஓடுங்கள்.