மகனின் பயிற்சியாளர் முன்னாள் ஃபுட்பால் வீரர்: நம்பி அனுப்பலாமா?

கேள்வி: என் மகனுக்கு 15 வயது. ரொறன்ரோவின் ஸ்காபரோவில் ஒரு கழகத்துக்காகக் கிரிக்கெட் ஆடும் வேகப்பந்து வீச்சாளன். கனேடிய ஃபுட்பால் (நம் கால்பந்து அல்ல, பந்தைக் கையில் ஏந்தி ஓடி மோதும் ஆட்டம்) லீக்கில் ஆறு பருவங்கள் ஆடி ஓய்வுபெற்ற ஒருவரிடம் உடல்வலுப் பயிற்சிக்குச் சேரவேண்டும் என்று பிடிவாதமாக நிற்கிறான். அவருக்குக் கிரிக்கெட் தெரியாது. இந்த வயதில் பாரம் தூக்கினால் வளர்த்தி நின்றுவிடும் என்கிறார் மாமியார். நான் என்ன செய்வது?
– ஒரு தாய், ஸ்காபரோ

பதில்: அன்புள்ள சகோதரிக்கு,

மாமியாரின் அச்சம் நம் வீடுகளில் பலகாலமாக இருந்துவருவதுதான் என்றாலும், அதற்கு மருத்துவ ஆதாரம் இல்லை. முறையான மேற்பார்வையில் செய்யும் எடைப்பயிற்சி பதின்ம வயதினரின் வளர்ச்சியைத் தடுப்பதில்லை. கவனிக்க ஆளில்லாமல், நண்பர்களோடு போட்டிபோட்டு, தாங்கமுடியாத எடையைத் தூக்கும்போதுதான் காயம் வருகிறது. ஆகவே உங்கள் கேள்வி எடையைப் பற்றியதல்ல, அருகில் நிற்கும் மனிதரைப் பற்றியது.

அவர் அணியில் எந்த நிலையில் ஆடினார் என்பதை முதலில் விசாரியுங்கள். 110 கஜ நீளமும் 65 கஜ அகலமும் கொண்ட மைதானத்தில் அணிக்குப் பன்னிருவராக ஆடப்பட்டுவந்த அந்த ஆட்டத்தில், முன்வரிசையில் நின்று மோதுபவரின் எடை சாதாரணமாக 130 கிலோவைத் தாண்டும். பின்களத்தில் நின்று பந்தைப் பிடிக்க வருபவனைத் துரத்துபவரோ குறுந்தூர ஓட்டக்காரரைப் போன்ற உடல்வாகு கொண்டவர். இருவரும் ஒரே சீருடை அணிந்தாலும் அவர்கள் செய்துவந்த பயிற்சி ஒன்றல்ல. முன்வரிசைக்காரர் தம் பழைய அட்டவணையை அப்படியே உங்கள் மகனுக்குக் கொடுத்தால், பந்துவீச உதவாத சதையைத்தான் அவன் சுமப்பான்.

ஆனாலும் அவரிடம் கற்பதற்கு ஒன்று உண்டு. அந்த லீக்கின் பருவம் ஜூனில் தொடங்கி, நவம்பரில் கிரே கிண்ண இறுதிப் போட்டியோடு முடிகிறது. எனவே குளிர்காலத்தில் வலுவைக் கட்டி, கோடையில் அதைக் குலையாமல் காப்பது அவருக்கு ஆண்டுதோறும் பழகிய வேலை. பனி உருகிய பின்னரே புல்தரைக்கு இறங்கும் ரொறன்ரோக் கிரிக்கெட்டுக்கும் ஏறத்தாழ அதே நாட்காட்டிதான். இந்த ஒரு விடயத்தில், வெப்பநாட்டில் ஆடிப் பழகிய கிரிக்கெட் வீரரைவிட அவர் உங்கள் மகனுக்கு அதிகம் பயன்படக்கூடும்.

என்னை உறுத்துவது வேறொன்று. தொழில்முறை ஃபுட்பாலில் காயத்தைச் சொன்னவரின் இடத்தை அடுத்தவர் பிடித்துக்கொள்ளக்கூடும் என்பதால், வலியை மறைத்து ஆடுவது அங்கே பலருக்கும் பழக்கமாகிவிடுகிறது. நல்ல பயிற்சியாளர்கள் அந்தப் பழக்கத்தை மைதானத்திலேயே விட்டுவிட்டு வருவார்கள், எல்லோரும் அல்ல. இளம் வேகப்பந்து வீச்சாளருக்கு இது ஆபத்தானது. முன்கால் தரையை அறையும் ஒவ்வொரு முறையும் உடல் எடையின் பல மடங்கு விசை மேலேறுகிறது. அதே கணத்தில் இடுப்பு வளைந்து திரும்புகிறது. இன்னும் முற்றாத கீழ்முதுகு எலும்பில் இதனால் நுண்ணிய வெடிப்பு விழலாம். பெரும்பாலும் பந்து வீசும் கைக்கு எதிர்ப்பக்கத்தில்தான் வலி தெரியும். அப்படி வலித்தால் பந்துவீச்சையும் எடைப்பயிற்சியையும் நிறுத்திவிட்டு, விளையாட்டு மருத்துவரிடம் காட்டவேண்டும். சாதாரண எக்ஸ்ரேயில் அது தெரியாமல் போகலாம் என்பதையும் நினைவில் வையுங்கள்.

இதனால்தான் இளம் வேகப்பந்து வீச்சாளர் தொடர்ச்சியாகவும் ஒரு நாளிலும் எத்தனை ஓவர் வீசலாம் என்று இங்கிலாந்துக் கிரிக்கெட் வாரியம் வரம்பு வைத்திருக்கிறது. புதிய பயிற்சியாளர் கிரிக்கெட் விதிகளை அறியாவிட்டால் பாதகமில்லை, ஆனால் “இந்த வாரம் எத்தனை பந்து வீசினாய்?” என்று கேட்டுக் குறித்துவைத்து, அதற்கேற்பக் கால்களுக்கான ஸ்குவாட் (எடையோடு குந்தி எழுவது), டெட்லிஃப்ட் (தரையிலிருந்து எடையைத் தூக்குவது) ஆகியவற்றைக் குறைக்கத் தெரிந்தவராக இருக்கவேண்டும்.

சான்றிதழ்களையும் கேளுங்கள். ஒன்ராறியோவில் கினீசியாலஜிஸ்ட் (உடல் இயக்க நிபுணர்) என்ற பட்டம் 2013 முதல் சட்டப் பாதுகாப்புப் பெற்றது. பயிற்சியாளர் என்ற சொல்லுக்கு அந்தக் காவல் இல்லை, யாரும் போட்டுக்கொள்ளலாம். சிறுவர்களுடன் பணியாற்றுபவர் என்பதால் பொலிஸ் சரிபார்ப்புப் பத்திரத்தையும் தயங்காமல் கேட்கலாம்; கோபித்துக்கொள்பவரிடம் மகனை விடவேண்டாம். புரதமாவு விற்பவராக இருந்தால் பணிவாக மறுத்துவிடுங்கள். முட்டையும் மீனும் பருப்பும் நீங்கள் சமைக்கிற வீட்டில் அவனுக்கு மாவு தேவைப்படாது.

பணம் கட்டுவதற்கு முன் ஒரு மாலை அங்கே போய் ஓரமாக அமர்ந்திருங்கள். கெட்டிக்காரப் பிள்ளைகளைப் பார்க்கவேண்டாம்; எடை மாட்டாத வெறும் இரும்புத் தண்டோடு குந்தி எழவே தடுமாறும் பிள்ளையிடம் அவர் என்ன செய்கிறார் என்று பாருங்கள். இயல்பாகவே வலுவோடு பிறந்த வீரருக்கு, அது ஏன் மற்றவருக்கு வரவில்லை என்பது புரியாமல் போவதுண்டு. அவர் எடையைக் குறைத்து, பாதம் வைக்கும் இடத்தை மாற்றி, பொறுமையாக மீண்டும் செய்யச் சொன்னால், உங்கள் மகனை இந்தக் குளிர்காலத்துக்கு மட்டும் சேர்த்துவிடுங்கள். மே மாதத்தில் அவனுடைய முதுகு எப்படி இருக்கிறது என்று பார்த்து மிச்சத்தை முடிவு செய்யலாம்.