பாட்டியின் கட்டிலை முற்றத்தில் போடுங்கள்

கேள்வி: கற்பனை உலகம் ஒன்றை வைத்து நாவல் எழுதுகிறேன். அங்கே 7 வருடத்துக்கு ஒருமுறை, ஓர் இரவு மட்டும், வானத்தின் உச்சியில் நீலமும் பச்சையுமாக ஓர் ஒளி தோன்றும். கதாநாயகியின் பள்ளத்தாக்கில் இருப்பவர்களுக்கு மட்டுமே தெரிந்த ரகசியம் அது. அன்று இறந்தவர்கள் தங்கள் வம்சத்தாரோடு பேசுவார்கள். 16 வயதுக் கதாநாயகி தீப்பந்தத்தோடு மலையேறி, முதல்முறையாக அதைப் பார்க்கிறாள். வானத்திலிருந்து கொள்ளுத்தாத்தாவின் (பாட்டியின் அப்பா) குரல் கேட்கிறது. (வீட்டில் 76 வயதுப் பாட்டி படுத்த படுக்கையாக இருக்கிறாள். அவளுக்கு இதெல்லாம் தெரியாது.) ஒளி நம்பும்படியாக இல்லை என்கிறார்கள் நண்பர்கள். நிறத்தை எப்படி வர்ணிப்பது? முதல் நான்கு அத்தியாயங்களை இணைத்திருக்கிறேன்.
– பெயர் வேண்டாம்

பதில்: ஊதாவா, பொன்னா, வெள்ளியா என்று கேட்டுக் கடிதம் வராத மாதமே இல்லை. எந்த நிறமானாலும் அது ஒரு வரியில் முடிகிற வேலை. உங்கள் கதையின் ஓட்டை நிறத்தில் இல்லை. நீங்கள் அடைப்புக்குறிக்குள் தள்ளிவிட்ட பாட்டியிடம் இருக்கிறது. அவளுக்கு இதெல்லாம் தெரியாதாமே. எப்படித் தெரியாமல் போகும்?

கணக்குப் போட்டுப் பாருங்கள். அவளுக்கு 76. ஏழேழாகக் கழித்துக்கொண்டே போனால் 6 வயதில் வந்து நிற்கும். இது அவள் காணும் 11ஆவது ஒளி. அந்த வீட்டிலேயே விஷயம் தெரிந்த ஆள் அவள்தான். கதாநாயகிக்கும் இது முதல்முறை இல்லை. 9 வயதில் ஒருமுறை வந்திருக்கிறது, 2 வயதில் ஒருமுறை வந்திருக்கிறது. 2 வயதுக் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு வானத்தைக் காட்டியது யார்? 9 வயதில் அவளை வெளியே விடாமல் வைத்திருந்தது யார், எதற்காக? இதற்குப் பதில் இல்லையென்றால் 'முதல்முறையாக' என்ற சொல்லை அடித்துவிடுங்கள். வாசகர் விரல்விட்டு எண்ணமாட்டார். ஆனால் எங்கோ இடிக்கிறது என்பது அவருக்குத் தெரிந்துவிடும். உங்கள் நண்பர்களுக்கும் இடித்தது அதுதான்.

அடுத்தது தீப்பந்தம். இருட்டுக்குக் கண் முழுதாகப் பழக 20 முதல் 30 நிமிடம் ஆகும். பந்தத்தைக் கண்ணுக்கு நேரே பிடித்துக்கொண்டு மலையேறுகிற பெண்ணுக்கு, மங்கலாகத் தொடங்கும் ஒளி தெரியவே தெரியாது. ஆனால் விளக்கில்லாத அறையில் அந்தி முதல் படுத்திருக்கிறாளே பாட்டி, அவள் கண் எப்போதோ பழகியிருக்கும். ஜன்னல் வழியாக ஒளியை முதலில் பார்க்கப்போவது அவள்தான். "வந்துடுச்சு" என்று அவள் சொல்வது மலையேறிக்கொண்டிருப்பவளின் காதில் விழாது. கதை உங்கள் கையில் கொண்டுவந்து கொடுத்த காட்சி இது. நீங்கள் வாங்கிக்கொள்ளவில்லை.

நிறம் கேட்டீர்கள், அதையும் பாட்டியை வைத்தே சொல்கிறேன். வயதாக ஆகக் கண்ணின் வில்லை மஞ்சளித்துப் போகும். அது நீலத்தைத்தான் அதிகம் மறைக்கும். அதனால் பாட்டி, "நான் சின்னப் பிள்ளையா இருக்கும்போது இதைவிட நீலமா இருக்கும்" என்பாள். பேத்தி, "நல்லா நீலமாத்தானே இருக்கு" என்பாள். இரண்டு பேரும் சொல்வது உண்மை. அரைப் பக்க வர்ணனை செய்யாததை இந்த இரண்டு வாக்கியம் செய்துவிடும். இன்னொன்று: கதாநாயகியின் சிவப்புப் போர்வை அந்த ஒளியில் தகதகத்தது என்று எழுதியிருக்கிறீர்கள். தகதகக்காது. அவ்வளவு மங்கலான வெளிச்சத்தில், அதிலும் நீலப் பச்சை ஒளியில், சிவப்பு கறுப்பாகத்தான் தெரியும். வானம் முழுக்கப் பரவிய ஒளி என்பதால் நிழலுக்கும் கூர்மையான ஓரம் இருக்காது.

உயரத்தை முடிவு செய்யாமலேயே எழுத ஆரம்பித்திருக்கிறீர்கள். நம் பூமியின் துருவங்களுக்கு அருகே இரவு வானத்தில் தோன்றும் துருவ ஒளியில் பச்சை பெரும்பாலும் 100 முதல் 150 கிலோமீட்டர் உயரத்தில் வருவது. உங்கள் ஒளியும் 100 கிலோமீட்டரில் என்றால், உங்கள் உலகம் பூமியளவு என்று வைத்துக்கொண்டால், 1,100 கிலோமீட்டர் தள்ளி இருப்பவனுக்கும் அடிவானத்தில் அது தெரியும். அப்புறம் என்ன ரகசியம்? எதிரி நாட்டுக்காரனும் தன் பாட்டனோடு பேசிக்கொண்டிருப்பான். ரகசியம்தான் முக்கியம் என்றால் மலை முகட்டுக்குக் கீழே, மேகத்துக்கும் கீழே ஒளியை இறக்குங்கள். மழை மேகம் மூடினாலும் ஒளி மறையாது என்பது கூடுதல் லாபம்.

கடைசியாகக் குரல். ஒளி இருக்கும் இடத்திலிருந்து குரல் வருகிறது என்றால், 100 கிலோமீட்டரைக் கடக்க ஒலிக்கு ஏறக்குறைய ஐந்து நிமிடம் வேண்டும். அந்த உயரத்துக் காற்று ஒலியைத் தாங்கவும் செய்யாது. இறந்தவர் பேசுகிறார் என்ற ஓர் அற்புதம் போதும். மற்றதெல்லாம் கண்ணும் காற்றும் வழக்கமாக நடந்துகொள்கிறபடி நடக்கட்டும். குரல் பக்கத்திலிருந்து வரட்டும்.

யார் பக்கத்திலிருந்து? அதைச் சொல்லத்தான் இவ்வளவும் சொன்னேன். கொள்ளுத்தாத்தாவின் குரலைக் கதாநாயகி ஒருநாளும் கேட்டதில்லை. பேசுவது அவர்தான் என்று அவளுக்கு எப்படித் தெரிந்தது? அந்தக் குரலை அடையாளம் சொல்லக்கூடிய ஒரே ஜீவன் கீழே வீட்டில் கிடக்கிறது. பெற்ற தகப்பன், 7 வருடம் கழித்து ஓர் இரவு வருகிறார், படுத்துக் கிடக்கும் மகளைத் தாண்டிப்போய் மலை உச்சியில் பேத்தியின் மகளிடம் பேசுகிறாராம். எந்த உலகமானால் என்ன, எந்தத் தகப்பனும் அப்படிச் செய்யமாட்டான். நடமாட முடியாதவர்களுக்கு எதுவும் தெரியாது என்று முடிவு கட்டுவது நம் வீடுகளில் அன்றாடம் நடப்பதுதான். அதைக் கதையில் ஒரு பாத்திரம் செய்யலாம், தவறில்லை. எழுதுகிறவரே செய்தால் எப்படி?

மலையேற்றத்தை வெட்டுங்கள், அல்லது அவளைப் பாதி வழியில் திருப்பி அனுப்புங்கள். பாட்டியை முற்றத்துக்குக் கொண்டுவாருங்கள். முதலில் ஒருவர் அவளைத் தூக்கிக்கொள்ள வேண்டும். கட்டிலைச் சாய்த்தால்தான் வாசலில் நுழையும். வெளியே பனி இறங்கும், காதை மூடிப் போர்த்துங்கள். மூடினால் குரல் கேட்காது என்று அவள் போர்வையைத் தள்ளுவாள், தள்ளட்டும். இதற்கெல்லாம் 16 வயதுப் பெண் ஒருத்தி போதாது. 3ஆம் அத்தியாயத்தில் அவளுடைய அப்பா சாப்பிட்டுவிட்டுப் படுத்தவர், அதற்குப் பிறகு ஆளையே காணோம். செத்தவர்களே எழுந்து வந்து பேசுகிற இரவில் அந்த மனிதருக்கு என்ன தூக்கம்? எழுப்புங்கள். தலைமாட்டுப் பக்கத்தை அவர் பிடிக்கட்டும்.