நகலில் யார் கையெழுத்து? சான்றொப்பம் பற்றிச் சில கேள்விகள்

ஆதார் நகலில் விஏஓ கையெழுத்து வாங்கிக் கொடுத்தேன். பச்சை மையில் இல்லாததால் திருப்பி அனுப்பிவிட்டார்களோ? (தக்கலை)

மை காரணமாக இருக்காது. பச்சை மை வெறும் வழக்கம்தான், சட்டம் அப்படிச் சொல்லவில்லை. அவர்கள் கேட்டது கெஜடெட் அலுவலரின் (அரசிதழில் பெயர் வரும் நிலையிலுள்ள அரசு அலுவலர்) சான்றொப்பமாக, அதாவது அசலைப் பார்த்து 'நகல் சரி' என்று இடும் கையெழுத்தாக இருக்கும். விஏஓ அதில் சேரமாட்டார். தாசில்தார், அரசு மருத்துவர், அரசு மேல்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் போன்றவர்களிடம் போங்கள். அசலையும் எடுத்துப் போங்கள். அசலைப் பார்க்காமல் போட்ட சான்றொப்பத்துக்கு மதிப்பே இல்லை.

முத்திரை வெள்ளை இடத்தில் விழுந்திருக்கிறதா என்று அங்கேயே பார்த்துவிடுங்கள். குளச்சலில் இருந்து பஸ் மாறி வந்த ஒரு தம்பி நகலை என்னிடம் காட்டினார். முத்திரை ஜெராக்ஸில் கறுத்துப்போன போட்டோ மேலேயே விழுந்திருந்தது. 'மருத்துவ' என்பது மட்டும்தான் தெரிந்தது. பெயரும் இல்லை, ஊரும் இல்லை. பாவம், ஒரு நாள் கூலி போனது.

நானே கையெழுத்திட்டால் போதாதா? (நாகர்கோவில்)

பல இடங்களில் போதும், முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். நகலில் 'உண்மை நகல்' என்று எழுதி, எந்த வேலைக்காகக் கொடுக்கிறீர்கள் என்பதையும் தேதியையும் சேர்த்துக் கையெழுத்திடுங்கள். அப்புறம் அந்தத் தாளை வேறு எதற்கும் யாரும் எளிதில் பயன்படுத்த முடியாது.

அப்பாவின் பிறப்புப் பதிவு மலையாளத்தில், கொல்லம் ஆண்டு 1125 என்று இருக்கிறது. வெளிநாட்டில் இருக்கும் மகன் சான்றிட்ட நகல் கேட்கிறான். நோட்டரியிடம் போகலாமா? (கல்குளம்)

அவசரப்படாதீர்கள். நம் கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1-ல்தான் தமிழ்நாட்டோடு சேர்ந்தது. அதற்கு முந்தைய ஏடுகள் பல வீடுகளில் இப்படித்தான் இருக்கின்றன.

நோட்டரி சான்று சொல்வது, 'என்னிடம் காட்டிய அசலும் இந்த நகலும் ஒன்று' என்பதை மட்டும்தான். பதிவேட்டை வைத்திருக்கும் அலுவலகம் தரும் சான்றிட்ட நகலோ, 'எங்கள் ஏட்டில் இப்படித்தான் இருக்கிறது' என்று சொல்கிறது. இரண்டும் ஒன்றல்ல. உங்களுக்கு வேண்டியது இரண்டாவது. முதலில் அதற்கு மனுக் கொடுங்கள். கைக்கு வந்ததும் மொழிபெயர்த்து, மொழிபெயர்ப்புக்கு நோட்டரி சான்று வாங்குங்கள்.

தேதியில் கவனம். கொல்லம் ஆண்டு என்பது மலையாள நாட்காட்டி ஆண்டு. ஆங்கில ஆண்டு தெரிய, அதன் முதல் மாதமான சிங்ஙம் (நம் ஆவணி) முதல் தனு (மார்கழி) பாதி வரை 824-ஐக் கூட்ட வேண்டும், அதற்குப் பிறகு 825. ஆகவே 1125 சிங்ஙம் என்றால் 1949, மேடம் (சித்திரை) என்றால் 1950. ஆதாரில் இருக்கும் ஆண்டோடு இது ஒத்துப்போகிறதா என்று பார்த்துவிட்டு அனுப்புங்கள். அந்த ஓராண்டு வித்தியாசம் அங்கே பெரிய தலைவலியாகிவிடும்.

பிள்ளையின் பிறப்புச் சான்றிதழை வளைகுடாவுக்கு அனுப்ப வேண்டும். அப்போஸ்டில் போதுமா? (மார்த்தாண்டம்)

எந்த நாடு என்று எழுதவில்லையே! அப்போஸ்டில் என்பது நம் ஆவணத்தை வெளிநாட்டில் ஏற்க வெளியுறவு அமைச்சகம் தரும் சான்று. சவுதி 2022 டிசம்பரிலிருந்து அதை ஏற்கிறது. ஓமன், பஹ்ரைன் அதற்கும் முன்பே. துபாய் என்றால் அது போதாது. மாநில அரசு, வெளியுறவு அமைச்சகம், பிறகு அமீரகத் தூதரகம் என்று வரிசையாக முத்திரை வாங்க வேண்டும். சான்றிதழை லேமினேட் மட்டும் செய்துவிடாதீர்கள். முத்திரையோ ஸ்டிக்கரோ அந்தத் தாளின் மேல்தான் பதிய வேண்டும்.